துணை நடிகரா, பாங்கு நடிகரா?

நண்பர்களுக்கு வணக்கம்.

நாம் தொகுக்கும் சினிமாச் சொற்பட்டியலில், கதாநாயகனுக்கு அடுத்த முக்கிய வேடங்களில் வரும் சப்போர்ட்டிங் ஆக்டருக்குத் ‘துணை நடிகர்’ என்றே போட்டுவிடலாம் என்று நேற்று பலரும் எழுதியிருந்தீர்கள். எனக்கு மனம் ஒப்பவில்லை. விருதுச் செய்திகளில் அந்தச் சொல் புழங்குகிறது, உண்மைதான். ஆனால் சென்னையில் சினிமாக்காரர்கள் புழங்கும் வடபழனியிலோ சாலிகிராமத்திலோ ஒரு டீக்கடையில் நின்று சொல்லிப் பாருங்கள். சந்தைக் காட்சியில் காய்கறி வாங்குபவர், கல்யாணக் காட்சியில் பந்தியில் உட்காருபவர், இவர்களைத்தான் அங்கே துணை நடிகர் என்பார்கள். அது அவர்கள் தொழிலின் பெயர். அதைப் பிடுங்கி இன்னொருவருக்குக் கொடுப்பது எனக்குச் சரியாகப் படவில்லை.

‘குணச்சித்திர நடிகர்’ இருக்கிறதே என்றார் ஒருவர். கேரக்டர் ஆர்ட்டிஸ்ட்டுக்கு அது நன்றாகவே நிலைத்துவிட்டது, இருக்கட்டும். ஆனால் அது நடிப்பின் வகையைத்தான் சொல்கிறது. கதாநாயகனே குணச்சித்திர வேடம் கட்டலாமே!

சப்போர்ட்டிங் ஆக்டருக்கு உதாரணமாகப் பழைய நடிகர் டி. எஸ். பாலையாவை எடுத்துக்கொள்வோம். 1936இல் வந்த ‘சதி லீலாவதி’யில் வில்லன். நாடகக் கம்பெனிப் பேச்சில் சொன்னால் கள்ளபார்ட். 28 வருஷம் கழித்து, 1964இல் ‘காதலிக்க நேரமில்லை’யில் பணக்கார அப்பா. மகனாக வரும் நாகேஷ் பேய்க்கதை மாதிரி ஒரு சினிமாக் கதை சொல்கிறார், பாலையா கேட்கிறார். கேட்பது மட்டும்தான் அவர் வேலை. நேற்று ராத்திரி அந்தக் காட்சியை மறுபடி போட்டுப் பார்த்தேன். கதை ஏற ஏறக் கண் விரிகிறது, உடம்பு ஒடுங்குகிறது, பெரிய மனிதத் தோரணை முழுக்கக் கழன்று விழுகிறது. நாகேஷ் சொல்லும் பேயை நாம் பார்ப்பதே பாலையாவின் முகத்தில்தான்.

இப்படிப் பக்கத்தில் இருந்து கேட்பவனுக்குத் தமிழில் பழைய பெயர் ஒன்று உண்டு: பாங்கன். அகப்பாடல்களில் தலைவன் தன் தவிப்பைச் சொல்ல, அதைக் கேட்டு, இடித்துரைத்து, அப்புறம் உதவியும் செய்கிறவன். தொல்காப்பியர் கற்பியலில் வாயில்களை, அதாவது தலைவனுக்கும் தலைவிக்கும் இடையே தூது போகிறவர்களை, அடுக்கும்போது பாங்கனையும் கூத்தரையும் ஒரே நூற்பாவில் வைத்திருக்கிறார். பாங்கு என்றால் பக்கம். இயல்பு, அழகு என்றும் பொருள். அதனால் ‘பாங்கு நடிகர்’ என்று வைக்கலாம் என்பது என் பரிந்துரை. பாங்கு நடிகை, பாங்கு வேடம் என்று சொல்லும் வளரும்.

பக்கவாத்தியத்தை வைத்துப் ‘பக்க நடிகர்’ என்று வந்த யோசனையும் எனக்குப் பிடித்தே இருந்தது. 1968இல் ‘தில்லானா மோகனாம்பா’ளில் சிவாஜியின் நாகஸ்வரத்துக்குப் பாலையா தவில்காரராக வந்தவர்தானே! ஆனால் ‘பக்க நடிகர்’ காதில் விழும்போது ஓரமாக நிற்கிறவர் என்ற தொனி வந்துவிடுகிறது.

பள்ளிவாசல் பாங்கு, பழைய எழுத்தில் வங்கியைக் குறித்த பாங்கு இரண்டும் குழப்புமே என்பீர்கள். ‘படி’ என்ற சொல்லுக்கு எத்தனை பொருள்! இடம் பார்த்துப் புரிந்துகொள்கிறோம் அல்லவா?

‘சிறந்த பாங்கு நடிகர்’ என்று நாலைந்து தடவை வாய்விட்டுச் சொல்லிப் பாருங்கள். எங்கே இடறுகிறது என்று எழுதுங்கள்.