முகம் கன்றி எரிகிறது, கண்ணும் உறுத்துகிறது. ரெண்டும் ஒரே வியாதியா?

மேலூர்க்காரன்:
அக்கா மேலூரில் இட்லிக்கடை வைத்திருக்கிறார், விடிகாலையிலிருந்து அடுப்படிதான். கொஞ்ச நாளாக மூக்கு, கன்னமெல்லாம் கன்றி எரிகிறது, பொடிப்பொடியாகப் பருக்கள் வேறு. மருந்துக்கடையில் கேட்டு வாங்கிய க்ரீம் போட்டால் சீக்கிரமே அடங்குகிறது, நிறுத்தினால் முன்பைவிட மோசமாக வருகிறது. இப்போது கண்ணில் மண் விழுந்த மாதிரி உறுத்தல், இமையோரம் செதில், அடிக்கடி கண்கட்டி. தோலுக்கு ஒரு டாக்டர், கண்ணுக்கு ஒரு டாக்டர் என்று அலைய வேண்டுமா?

மாசிவீதி அக்கா:
ரெண்டும் ஒன்றாக இருக்க நிறைய வாய்ப்பு உண்டு தம்பி. ரோசேசியா என்பார்கள், முகத்தோலோடு கண்ணையும் பிடிக்கும் வியாதி, எனக்கும் இருக்கிறது. வெள்ளைத்தோலுக்குத்தான் வரும் என்று நினைத்து நம்ம ஊரில் பலர் பருவுக்கே வைத்தியம் பார்த்துக்கொண்டிருக்கிறார்கள். மாநிறத்தில் சிவப்பு எடுப்பாகத் தெரியாது, அதனால் வெயிலிலோ அடுப்பிலோ நின்றதும் முகம் குப்பென்று சூடேறி எரிகிறதா என்று பாருங்கள். சாதாரணப் பருவோடு வரும், துளை அடைத்த கரும்புள்ளி (ப்ளாக்ஹெட்) இதில் இருக்காது.

முதலில் அந்த க்ரீம் டியூபில் உள்ள பொடி எழுத்தைப் படியுங்கள். பீட்டாமெத்தசோன், க்ளோபெட்டசால், மொமெட்டசோன் என்று இருந்தால் ஸ்டீராய்டு. முகத்தில் தொடர்ந்து போட்டால் அதுவே இந்த மாதிரி எரிச்சலையும் பருவையும் உண்டாக்கும். விடத்தான் வேண்டும், ஆனால் விட்டதும் சில வாரம் கடுமையாகக் கிளம்பும் என்பதால் டியூபோடு தோல் டாக்டரைப் பாருங்கள். மதுரை பெரியாஸ்பத்திரியிலேயே தோல் பிரிவு இருக்கிறது.

கண் சோதிப்பவன்:
அண்ணே, நான் கண் பரிசோதனை வேலையில் இருக்கிறேன். இமையோரத்து எண்ணெய்ச் சுரப்பிகள் அடைத்துக்கொண்டால் கண்ணீர் சீக்கிரம் காய்ந்துவிடும், உறுத்தலும் கட்டியும் அதனால்தான். சுத்தமான துணியை வெதுவெதுப்பான தண்ணீரில் நனைத்துப் பிழிந்து, மூடிய இமைமேல் மட்டும் ஐந்து பத்து நிமிடம் வைக்கச் சொல்லுங்கள். அப்புறம் மேலிமையைக் கீழ்நோக்கியும் கீழிமையை மேல்நோக்கியும் மெல்ல நீவி ஓரத்தைத் துடைக்க வேண்டும். தினமும் செய்தால்தான் பலன். கண்ணுக்கும் கடைச் சொட்டுமருந்து வேண்டாம், ஸ்டீராய்டு கலந்ததாக இருந்தால் கண் அழுத்தம் ஏறிவிடலாம். வலி, வெளிச்சம் கூசுவது, பார்வை மங்கல் வந்தால் அன்றைக்கே காட்டுங்கள், கருவிழி பாதிக்கப்பட்டிருக்கலாம். மாட்டுத்தாவணியில் இறங்கினால் அண்ணாநகர் அரவிந்த் கண் ஆஸ்பத்திரி பக்கம்தான். முகத்திலும் இருக்கிறது என்பதை மறக்காமல் சொல்லுங்கள், சொல்லாவிட்டால் வெறும் கண் வறட்சியாகவே பார்க்கப்படலாம்.

மாசிவீதி அக்கா:
எனக்கு மெட்ரோனிடசோல் ஜெல்லும் கொஞ்ச காலம் டாக்ஸிசைக்ளின் மாத்திரையும் கொடுத்தார்கள், அந்த மாத்திரை கண்ணுக்கும் கேட்டது. கர்ப்பிணிகளுக்கு ஆகாது. இந்த வியாதி அடியோடு போகாது, கட்டுக்குள் வைத்துக்கொள்ளலாம். இட்லிக் கொப்பரையைத் திறக்கும்போது ஆவி முகத்தில் அடிக்காமல் தள்ளி நிற்கச் சொல்லுங்கள், டீயை ஆற்றிக் குடிக்கட்டும், வெளியே போனால் ஜிங்க் ஆக்ஸைடு உள்ள சன்ஸ்க்ரீன். எலுமிச்சை, ஸ்க்ரப் எதுவும் முகத்தில் படவே வேண்டாம்.