ஆர்க்டிக் பக்கம் வுல்ஃப்டாக் பாக்கப் போறம், ஆரும் போனனீங்களோ?

கொக்குவில் அம்மா:
மாசியில நோர்வே ட்ரொம்சோவில இருக்கிற அக்கா வீட்டை போறம். மகளுக்கு ஓநாயும் நாயும் கலந்த வுல்ஃப்டாக் எண்டா உயிர். அங்க அதுகளுக்குச் சரணாலயம் ஏதும் இருக்கோ, யாழ்ப்பாண வெயிலில இருந்து போற எங்களுக்குக் குளிர் தாங்குமோ?

வடதுருவத் தமிழன்:
தங்கச்சி, நோர்வேயில ஓநாய் கலப்பு நாய் வளக்கவே தடை, 1955ல ஜேர்மன் ஷெப்பேர்டையும் கார்பேதியன் ஓநாயையும் கலந்து தொடங்கின செக்கோஸ்லோவாக்கிய வுல்ஃப்டாக்குக்கும் அதே தடைதான். ஆனா பார்டு எண்ட ஊரில போலார் பார்க் எண்ட மிருகப் பூங்கா இருக்கு, மனுசரோட பழகின அசல் ஓநாயளே இருக்கு, வேலிக்குள்ள போய்ச் சந்திக்கலாம், அதுக்கு முதலே புக் பண்ணோணும், மகளின்ர வயசுக்கு விடுவினமோ எண்டும் கேளுங்கோ. என்னைக் கேட்டா அதுதான் கலப்பு நாயை விட நல்லம்.

சுன்னாகம் அக்கா:
உள்ள போனா கையை நீட்டாதேங்கோ, அதுவா வந்து மணக்கட்டும். முகத்தை நக்க வரும், அது அதுகளின்ர வணக்கம், கத்தி ஓடக்கூடாது. தொங்குற சால்வை, குஞ்சம் வைச்ச தொப்பி வேண்டாம், இழுத்துக்கொண்டு போயிடும்.

கொக்குவில் அம்மா:
பெரிய உதவி அண்ணை, அக்கா. உள்ளுக்கு கம்பளி உடுப்புப் போட்டாக் காணுமோ?

வடதுருவத் தமிழன்:
காணாது, மேல காத்துப் புகாத ஜக்கெற்றும் வேணும். உள்ளுக்குப் பருத்தி உடுப்புப் போடவே போடாதேங்கோ, வேர்வையில நனைஞ்சா விறைச்சுப்போகும்.