பாறை ஓணான் கண்ணு முன்னாடி நிறம் மாறி பாத்தவங்க இருக்கீங்களா? செஞ்சியில நான் பாத்தது

கிழக்குத் தாம்பரம்:
மக்களே, இது ரொம்ப நாளா மண்டைக்குள்ள ஓடிட்டே இருக்கு, இங்க கொட்டிடறேன். மே மாசம், செஞ்சி ராஜகிரி ஏறிட்டிருந்தோம், காலைலயே பாறை சுட ஆரம்பிச்சிடுச்சு, உச்சிக்கு முன்னாடி ஒரு பள்ளத்து மேல பாலம் வரும்ல, அதுக்கு கொஞ்சம் கீழ மூச்சு வாங்க உக்காந்துட்டேன். எதிர்ல ஒரு ஆண் ஓணான். ஜோடி சேர்ற சீசன்ல ஆண் எப்படி இருக்கும்னு உங்களுக்கே தெரியும், முதுகு செக்கச்செவேல், உதட்டுலேர்ந்து விலா வரைக்கும் கன்னங்கரேல். அதுவரைக்கும் போட்டோல பாத்தது தான். பக்கத்துப் பாறையிலேர்ந்து இன்னொரு ஆண் ஏறி வந்து தண்டால் எடுத்துச்சு பாருங்க, எனக்கு எதிர்ல இருந்தவனோட முதுகு மஞ்சளாயிடுச்சு! கருப்பு ஓரம் ஆரஞ்சாயிடுச்சு. நான் தண்ணி பாட்டில் மூடிய திருகி முடிக்கல, அதுக்குள்ள. ரெண்டும் ஒண்ண ஒண்ணு துரத்திட்டு இடுக்குல போயிடுச்சு. திரும்பி வந்தப்போ எடுத்த போட்டோல மங்கலா பழுப்பா ஏதோ இருக்கு, அவ்ளோ தான். கூட வந்தவங்க வெயில்ல கண்ணு கூசியிருக்கும்னு சொல்லிட்டாங்க. கூசல. எனக்கு நல்லா தெரியும். வேற யாராச்சும் பாத்திருக்கீங்களா?

மேடவாக்கம் நடையாளன்:
ப்ரோ நீங்க பாத்தது ரெண்டு வேற வேற ஓணான். ஒண்ணு செவப்பு, ஒண்ணு மஞ்சள், ரெண்டும் இடம் மாறினப்போ உங்களுக்கு ஒண்ணே மாறின மாதிரி தெரிஞ்சிருக்கு. ஊருக்கு ஊர் வெரைட்டி இருக்கு இதுல. நான் ஏலகிரியில பாத்ததெல்லாம் மஞ்சள், திருவண்ணாமலை பக்கம் பாத்தது செவப்பு. ஏலகிரியில பாறை விளிம்புல ஒண்ணு வெயில பாத்துட்டு அப்படியே அசையாம நின்னுச்சு, எலுமிச்சை மஞ்சள், பின்னாடி மொத்த பள்ளத்தாக்கும் தெரியுது, அத இன்னைக்கும் மறக்க முடியல. கொல்லிமலையில தலை செவப்பா உடம்பு நீலமா ஒரு வெரைட்டி இருக்குன்னு வாட்ஸ்அப்ல வந்துச்சு, அதையும் யாராச்சும் பாத்தா சொல்லுங்க.

தேனிக்காரி:
அந்த நீல போட்டோ எங்க குடும்ப குரூப்லயும் வந்துச்சு. அது நம்ம ஊர் இல்லங்க, ஆப்பிரிக்கா, தான்சானியா கென்யா பக்கம் பாறையில இருக்கற அகாமா, ஸ்பைடர்மேன் ஓணான்னு சொல்வாங்க. கொல்லிமலைய விட்ருங்க.

தாம்பரம் சொல்றத நான் நம்பறேன். ஏன்னா நான் பாத்தது அதுக்கு நேர் தலைகீழ். இப்ப குரோம்பேட்டைல இருக்கேன், சின்ன வயசுல ஊர்ல வீட்டுக்குப் பின்னாடியே கரடு. கரட்டான்னா, அதான் ஓணான்னா, பசங்களுக்கு ஆகாது, ராமருக்கு தாகம் எடுத்தப்போ அணில் எளநி குடுத்துச்சாம் ஓணான் மூத்திரத்த குடுத்துச்சாம், அந்தக் கதைய சொல்லிக்கிட்டே ஈர்க்குச்சியில சுருக்கு போட்டு அலைவானுங்க. ஒரு நாள் பக்கத்து வீட்டுப் பையன் நல்ல செவப்பு ஒண்ண பிடிச்சுட்டான். நான் பாறை மேலயே அத பாத்துக்கிட்டு தான் இருந்தேன், அவ்ளோ அழகு. கீழ எறங்கி எங்கிட்ட கொண்டாந்து காட்றதுக்குள்ள சாம்பலா போச்சு. செவப்பு எங்கயுமே இல்ல. வேற எதையோ பிடிச்சுட்டு வந்திருக்கான்னு சண்டை போட்டேன். எங்க அம்மாச்சி தான் வந்து அவன் கையிலேர்ந்து வாங்கி சுருக்க அவுத்து விட்டாங்க, "பயந்து போச்சுடா, பயத்துல எவன் மொகத்துல ரத்தம் இருக்கும்"னாங்க. அந்த சாம்பல் உடம்பு அவங்க கையில படபடன்னு அடிச்சுக்கிட்டது இருக்கே, அது தான் இன்னும் போகல.

ஓசூர் டு சென்னை:
மேடவாக்கம், செவப்பும் மஞ்சளும் ஊர் வெரைட்டி இல்லங்க. ஒரே ஆண் தான் ரெண்டுமா மாறும். பெங்களூர் ஐஐஎஸ்சில, அதான் இந்திய அறிவியல் கழகத்துல, மரியா தாக்கர் லேப்ல இத வச்சு வேலை செஞ்சிருக்காங்க, 2017ல ஆராய்ச்சி பேப்பரே வந்துச்சு. பொண்ணு முன்னாடி நின்னா முதுகு செவப்பு விலா கருப்பு, இன்னொரு ஆண் வந்து நின்னா முதுகு மஞ்சள் விலா ஆரஞ்சு. அதுலயும் சண்டைக்கு மாறறது தான் வேகம், காதலுக்கு மாறறப்போ நிறம் எடுப்பா பளிச்னு இருக்கும். தாம்பரம் பாத்தது அப்படியே அச்சு அசல் இதான், பாட்டில் மூடி கணக்கு கூட சரியா வருது. நீங்க ஏலகிரியில மஞ்சளா பாத்தீங்கன்னா உங்க கண்ணுக்குப் படாம பக்கத்துல இன்னொருத்தன் இருந்திருப்பான்.

என் கதை சின்னது. பெங்களூர்ல வேலை பாத்தப்போ ஆபீஸ் பக்கத்துல காலி மனையில கிரானைட் கல்லு குவிச்சு வச்சிருந்தாங்க, அதுல ஒரு ஆண் குடியிருந்தான். மதியம் டீ குடிக்கப் போறப்பல்லாம் பாப்பேன், சுத்தி லாரி ஆரன், ஜேசிபி, அவன் பாட்டுக்கு தலைய ஆட்டிக்கிட்டு இருப்பான், ஆனா ஓசூர் பக்கம் எங்க ஊர் பாறையில பாக்கற அந்த செவப்பு அவன்கிட்ட வரவே இல்ல, ஒரு மாதிரி மங்கல். நோய் வந்துடுச்சோன்னு மனசு கஷ்டமா இருக்கும். அப்புறம் படிச்சப்போ தான் தெரிஞ்சது, அந்த லேப்லயே நகரத்து ஆணையும் கிராமத்து ஆணையும் வச்சுப் பாத்திருக்காங்க, நகரத்துல இருக்கறது நிறம் கம்மியா தான் காட்டுதாம். ஆனா ஆபத்து இல்லாத எடம் எதுன்னு கத்துக்கறதுல நகரத்து ஓணான் தான் வேகமாம். ஒரு நாள் கல்லையெல்லாம் அள்ளிட்டாங்க. அவன் எங்க போனான்னு தெரியல.

லென்ஸ் அங்கிள்:
நான் திருக்கழுக்குன்றத்துல படியேறும்போது பொண்ணு ஓணான் ஒண்ணு தான் பாத்தேன், பழுப்பு, புள்ளி புள்ளியா, பாறையோட பாறையா ஒட்டிட்டு இருந்துச்சு, காலடிக்கு ஒரு முழம் தள்ளி. மிதிச்சிருப்பேன். அந்த நிமிஷம் நெஞ்சு திக்குனுச்சு.

ஆனா இங்க எழுதறவங்க எல்லாரும் போனத் தூக்கிட்டு ஓடறீங்கன்னு தெரியுது, அதனால சொல்றேன். போட்டோ வேணாம், வீடியோ எடுங்க, நிறம் மாறறத வீடியோ தான் காட்டும். கிட்ட போகாதீங்க, சின்ன பைனாகுலர் போதும். தேனிக்காரி சொன்னாங்கல்ல, பயந்தா நிறமே போயிடும், நீங்க துரத்திட்டு போனா பழுப்பு ஓணான் தான் கெடைக்கும். ஏப்ரல்லேர்ந்து ஜூலை வரைக்கும் போங்க, வெயில் ஏறினதும் ஆனா உச்சி வெயிலுக்கு முன்னாடி, அப்ப தான் ஆணுங்க உயரமான கல்லு மேல வந்து நிக்கும். ஒரே எடத்துல உக்காருங்க, உங்க நெழல் அது மேல விழக்கூடாது, மேல நெழல் போனாலே வல்லூறுன்னு நெனச்சு ஓடிடும். கல்ல பொரட்டாதீங்க, பாம்பு தேளு இருக்கும்ங்கறது ஒண்ணு, அது ஒளியற எடம்ங்கறது இன்னொண்ணு. இப்ப ஒரு பழக்கம் வந்திருக்கு, மலைக்குப் போனா கல்லு மேல கல்லு அடுக்கி செல்ஃபி எடுக்கறது, தயவுசெஞ்சு பண்ணாதீங்க, தளர்வா கிடக்கற பலகைக்கல்லு அடியில அது ஒளியும். முட்டை மண்ணுக்குள்ள தான் போடும், பாறை நடுவுல மண் திட்டு இருந்தா அதுல டென்ட் அடிக்காதீங்க. தண்ணி ரெண்டு லிட்டர். செருப்பு வேணாம், ஷூ.

மேடவாக்கம் நடையாளன்:
ஓசூர், அந்த பேப்பர் விஷயம் சரி, நிறம் ஒத்துக்கறேன். ஆனா வெரைட்டியே இல்லன்னு முடிச்சுடாதீங்க. ரெண்டு இனம் நெசமாவே இருக்கு. நம்ம ஊர்ல பாக்கறதுக்கு அறிவியல் பேர் சாம்மோஃபிலஸ் டார்சாலிஸ், 1831ல கிரேங்கறவர் பேர் வச்சது. வடக்கே ஒடிசா, மத்தியப் பிரதேசம் பக்கம் இருக்கறது சாம்மோஃபிலஸ் பிளான்ஃபோர்டானஸ், 1871ல ஸ்டோலிக்ஸ்காங்கறவர் எழுதினது. அதுக்கு செதில் பெருசு, உடம்ப சுத்தி எண்ணினா எண்ணிக்கை கம்மியா வரும். செதில எண்ணாம நிறத்த வச்சு யாரும் இனம் சொல்ல முடியாது, இத நான் எனக்கும் சேத்து தான் சொல்றேன்.

அப்புறம் சென்னைக்குள்ள தேடறவங்களுக்கு, நன்மங்கலம் பழைய குவாரி எனக்கு பக்கம், அடிக்கடி போவேன். கொம்பன் ஆந்தை பாத்திருக்கேன், தலை செவந்த தோட்டத்து ஓணான் நெறைய பாத்திருக்கேன், அத பாத்துட்டு பாறை ஓணான்னு போஸ்ட் போடாதீங்க. ஈசிஆர் மணல்ல தொண்டைய விசிறி மாதிரி விரிக்கற ஓணானும் வேற.

கிழக்குத் தாம்பரம்:
எல்லாருக்கும் நன்றி. ஓசூர், அந்த பேப்பர கூட வந்தவங்களுக்கு அனுப்பிட்டேன், ஒருத்தன் மட்டும் பதில் போட்டான், "சாரிடா"ன்னு. ஒண்ணு கேக்கணும். அடுத்த மே மாசம் அதே பாறைக்குப் போனா அதே ஆணப் பாக்கலாமா? எடம் நல்லா ஞாபகம் இருக்கு.

ஓசூர் டு சென்னை:
பெரும்பாலும் முடியாதுங்க. ஆந்திரால ரிஷி வேலியில அடையாளம் போட்டு பாத்திருக்காங்க, பெருசானதுல பாதிக்கு மேல ஒரு சீசன் தாண்டறது இல்ல. முட்டையிலேர்ந்து வந்து, வளந்து, ஒரு கோடை முழுக்க அந்த செவப்பையும் மஞ்சளையும் காட்டிட்டு முடிஞ்சு போயிடும். நீங்க பாத்தது அதோட ஒரே கோடையா இருக்கலாம். ஆனா பாறை நல்ல பாறைன்னா காலியா இருக்காது, வேற ஒருத்தன் பிடிச்சிருப்பான். போங்க.

தேனிக்காரி:
மே மாசம் செஞ்சிக்கு நானும் வரேன். தாம்பரத்துலேர்ந்து காலைல எத்தன மணிக்கு கெளம்பினா வெயில் ஏறறதுக்குள்ள மேல போலாம்? எங்க பொண்ணையும் கூட்டிட்டு வருவேன், பத்து வயசு, அந்தப் படி ஏறுவாளா?