வொல்ஃப்ரம் என்ற பெயருக்கு ஒரு கலைச்சொல்

மடல் 1
பொருள்: ஜெர்மானியப் பெயர்முறைக்குத் தமிழ்ச்சொல்

அன்புடையீர்,

பெயர்களை ஆராயும் பெயரியலுக்கான சொற்பட்டியலில் ‘வொல்ஃப்ரம்’ பதிவு ஒரு சொல்லுக்காகக் காத்து நிற்கிறது. வொல்ஃப்ரம் என்பது ஜெர்மன் பேசும் நாடுகளில் ஆண்பிள்ளைக்கு இட்டுவந்த பழைய பெயர். இன்று பிறக்கும் குழந்தைகளுக்கு அரிதாகவே வைக்கிறார்கள். 1200 வாக்கில் வாழ்ந்த பெருங்கவிஞர் வொல்ஃப்ரம் ஃபான் எஷன்பாக் தாங்கிய பெயர் இது. அவருக்கு ஐந்நூறு ஆண்டு முன்பு, ஃபிராங்கியர் நாட்டுச் சான்ஸ் நகரில் பேராயராக இருந்த புனித வுல்ஃப்ரமுக்கும் இதே பெயர்தான். இங்கிலாந்தில் கிராந்தம் ஊர்த் தேவாலயம் அவர் பெயரில் இருக்கிறது.

பழைய உயர் ஜெர்மனில் ‘வொல்ஃப்’ ஓநாய், ‘ஹ்ரபன்’ அண்டங்காக்கை. இப்படி வழக்கிலிருந்த சொற்களில் இரண்டை எடுத்து ஒட்டிப் பெயராக்கும் முறையை ஆங்கிலப் பெயரியலார் ‘டைதிமாட்டிக்’ என்கிறார்கள். ‘தெமா’ என்ற கிரேக்கச் சொல்லுக்கு ‘வைக்கப்பட்டது’ என்று பொருள். இரண்டு ‘வைப்பு’ உள்ள பெயர். தமிழில் என்ன சொல்லலாம்? ‘ஈருறுப்புப் பெயர்’ என்று எழுதிவைத்திருக்கிறேன், மனம் ஒப்பவில்லை. கணக்குப் பாடத்தில் ஈருறுப்புத் தேற்றம் படித்தவர்களுக்கு அதுதான் நினைவுக்கு வரும்.

———

மடல் 2

> இரண்டை எடுத்து ஒட்டிப் பெயராக்கும் முறை

இதற்குப் புதுச்சொல் எதற்கு ஐயா? நம்மிடம் தொகை இருக்கிறதே. தேன்மொழி, கயல்விழி எல்லாம் அன்மொழித்தொகை. நெடுஞ்செழியன் பண்புத்தொகை. அதே போல வொல்ஃப்ரம் உம்மைத்தொகை: ஓநாயும் அண்டங்காக்கையும். இந்த இரண்டும் ஏன் சேர்ந்தன என்பதும் தெரிந்ததுதான். போர் முடிந்த களத்தில் பிணம் தின்ன வருபவை இவை. 937இல் நடந்த புரூனன்பர் போரைப் பாடும் பழைய ஆங்கிலப் பாட்டில் அண்டங்காக்கை, கழுகு, ஓநாய் மூன்றும் வரிசையாக வருகின்றன. நம் புறப்பாடல்களில் நரியும் பருந்தும் வருவது போலத்தான். வட ஐரோப்பியர் வணங்கிய ஓடின் கடவுளுக்குக் கெரி, ஃபிரெக்கி என்று இரண்டு ஓநாய். ஹுகின், முனின் என்று இரண்டு அண்டங்காக்கை. ஆகவே ‘தொகைப்பெயர்’ போதும். இலக்கணம் படித்த எவருக்கும் விளங்கும்.

———

மடல் 3

ஐயாவின் கருத்தை மதித்தே மறுக்கிறேன். தொகை என்றால் உள்ளே ஏதோ ஒன்று தொக்கி நிற்க வேண்டும். உருபோ, உம்மையோ, ‘ஆகிய’வோ, ‘போன்ற’வோ மறைந்து நிற்கும், விரித்தால் வெளியே வரும். தேன்மொழியை விரித்தால் ‘தேன் போன்ற மொழியை உடையவள்’ என்று ஒரு வாக்கியமே கிடைக்கிறது. ஜெர்மன், பழைய ஆங்கிலம் எல்லாம் அடங்கிய ஜெர்மானிய மொழிகளின் பெயர்களை அப்படி விரித்துப் பாருங்கள், பலவற்றில் ஒன்றும் வராது.

ஃபிராங்கிய மன்னன் கில்பெரிக்கின் மனைவி ஃபிரெடெகுண்ட், 597இல் இறந்தவள். ‘ஃபிரித்’ அமைதி, ‘குண்ட்’ போர். அமைதிப்போரா, போரமைதியா? ஹில்டெகுண்ட் என்ற பெயரில் ‘ஹில்ட்’ என்றாலும் போர், ‘குண்ட்’ என்றாலும் போர். எந்தத் தொகை வகையில் சேர்ப்பது?

தெளிவான சான்று இங்கிலாந்தின் வூஸ்டர் நகர ஆயர் வுல்ஃப்ஸ்டன். 1008 வாக்கில் பிறந்து 1095இல் இறந்தவர். தந்தை பெயர் எதெல்ஸ்டன், தாய் பெயர் வுல்ஃப்கிவு. ‘எதெல்’ உயர்குடி, ‘ஸ்டன்’ கல், ‘வுல்ஃப்’ ஓநாய், ‘கிவு’ கொடை. தாயின் பெயரில் முதல் பாதியையும் தந்தையின் பெயரில் பின்பாதியையும் கழற்றி எடுத்து மகனுக்குப் பூட்டிவிட்டார்கள். ‘ஓநாய்க்கல்’ என்று அந்தப் பெயருக்குப் பொருள் எழுதினால் பெற்றோர் செய்த காரியமே மறைந்துவிடும். ‘இவன் எங்கள் இருவருக்கும் பிறந்தவன்’ என்பதுதான் அந்தப் பெயர் சொல்லும் செய்தி. நம் வழக்கில் பாட்டன் பெயரை அப்படியே தாங்குபவன் பெயரன், அதாவது பேரன். அவர்கள் வழக்கில் முழுப்பெயர் கைமாறவில்லை, பாதிதான் கைமாறியது.

கழற்றிப் பூட்டுவதற்கும் விதி உண்டு. சில சொற்கள் முன்னால் மட்டும் வரும், சில பின்னால் மட்டும், ‘வொல்ஃப்’ போன்ற சில இரண்டு இடத்திலும் வரும். ஆணா பெண்ணா என்பதைப் பின்பாதிதான் காட்டும். ஹில்டெபிரண்ட் ஆண், ஹில்டெகார்ட் பெண், முன்பாதி ஒன்றே. -பெர்ட், -ரிக், -ஹார்ட், -பிரண்ட், -ரம் வந்தால் ஆண். -ஹில்ட், -குண்ட், -டிரூட், -பூர்க் வந்தால் பெண். கலைச்செல்வன், கலைச்செல்வி என்று நாம் வைப்பதற்கு இது பக்கத்தில் வருகிறது. ஆனால் கலைச்செல்வனில் பொருள் இன்னும் உயிரோடு இருக்கிறது.

இன்னொன்று மோனை. 9ஆம் நூற்றாண்டு இங்கிலாந்தில் வெசெக்ஸ் நாட்டு மன்னன் எதெல்வுல்ஃபின் மகன்கள் எதெல்ஸ்டன், எதெல்பால்ட், எதெல்பெர்ட், எதெல்ரெட், ஆல்ஃபிரட். பழைய ஜெர்மன் வீரப்பாடலில் ஹெரிபிரண்ட், அவன் மகன் ஹில்டெபிரண்ட், அவன் மகன் ஹதுபிரண்ட். தலையில் மோனை, இறுதியில் ஒரே சொல். அவர்கள் மோனை நம்முடையதைவிட ஒருவகையில் தளர்வு, ஒருவகையில் இறுக்கம். உயிரெழுத்து எதுவும் எதோடும் மோனையாகும். அ-வுக்கு ஆ, ஐ, ஔ என்ற நம் இனக்கட்டு அங்கே இல்லை. ஆனால் ‘ஸ்ட்’ என்று தொடங்கும் சொல் ‘ஸ்ட்’ உடன்தான் சேரும், வெறும் ‘ஸ்’ போதாது.

பழங்காலத்தில் பொருளுள்ள தொகைகளாகவே இவை தொடங்கியிருக்கும் என்பதை மறுக்கவில்லை. கிரேக்கத்தில் ஹிப்போகிராட்டிஸ், வடமொழியில் தேவதத்தன், ஸ்லாவிய மொழிகளில் விளாதிமிர் என்று இந்தோ-ஐரோப்பிய மொழிக்குடும்பத்தின் பல கிளைகளில் இந்த வழக்கம் இருக்கிறது. ஆனால் கலைச்சொல் பெயரிட வேண்டியது கழற்றிப் பூட்டும் முறைக்கு. அதற்குப் பொருளுறவைச் சொல்லாத ஒரு சொல் வேண்டும். ‘பகுதி’ ஆகாது, பகுதி, விகுதி என்ற பகுபத உறுப்போடு குழம்பும். என் முன்மொழிவு ‘கூறு’: பெயர்க்கூறு, இருகூற்றுப் பெயர்.

———

மடல் 4

நல்ல விளக்கம் அம்மா. ஓர் ஐயம். குழந்தைப் பெயர்ப் பட்டியல்களில் இதை ‘வோல்ஃப்ராம்’ என்று எழுதி, ‘ராம்’ இருப்பதால் இராமனோடு தொடர்பு சொல்கிறார்கள். சிலர் ‘ராம்’ என்பதை ஆங்கிலச் சொல்லாக எடுத்து ‘ஆட்டுக்கிடா’ என்கிறார்கள். வேதியியல் படித்தவர்கள் டங்ஸ்டன் என்ற உலோகத்துக்கு வொல்ஃப்ரம் என்று இன்னொரு பெயர் இருப்பதைச் சொல்லி, கவிஞர் பெயரும் அதிலிருந்து வந்ததோ என்று கேட்கிறார்கள்.

———

மடல் 5

மூன்றும் தவறு. தவறு எங்கே நுழைகிறது என்றால், பின்பாதி தேய்ந்த பிறகு கிடைக்கும் எச்சத்தை முழுச்சொல் என்று எடுத்துக்கொள்ளும் இடத்தில்.

ஜெர்மானிய மொழிகளில் அழுத்தம் முதல் அசையில் விழும். பின்பாதி அழுத்தம் இழந்து தேயும். ‘ஹ்ரபன்’ நடு உயிரை இழந்தது, ப்-பும் ன்-னும் நெருங்கி ‘ஹ்ரம்ன்’ ஆனது, பிறகு ‘ஹ்ரம்’, முன்னிருந்த ஹகரமும் உதிர்ந்து ‘ரம்’. இது ஊகம் அன்று, இடைப்படிகள் ஏட்டில் நிற்கின்றன. சான்ஸ் நகரப் பேராயர் பெயரை இலத்தீனில் ‘வுல்ஃப்ரம்னுஸ்’ என்று எழுதினார்கள். அந்த ‘ம்ன்’ கூட்டைப் பாருங்கள். ஜெர்மன் அதில் ‘ம்’-ஐ வைத்துக்கொண்டது, வொல்ஃப்ரம். பிரெஞ்சு ‘ன்’-ஐ வைத்துக்கொண்டது. ஆபெவில் நகரத் தேவாலயம் இன்றும் ‘சான் வுல்ஃப்ரான்’. 560இல் தந்தையை எதிர்த்துக் கலகம் செய்து கொல்லப்பட்ட ஃபிராங்கிய இளவரசனின் பெயர் ‘கிரம்ன்’. அது அண்டங்காக்கை என்ற சொல் மட்டுமே தனித்து நிற்பது. தலையில் உள்ள ககரம், வன்மையாக ஒலித்த ஹகரத்துக்கு எழுத்தர்கள் கொடுத்த வடிவம்.

குன்ட்ரம், பெர்ட்ரம் பெயர்களிலும் இதே ‘ரம்’. ஓநாய் பின்பாதிக்குப் போனால் அதற்கும் இதே கதி: ருடால்ஃப், அடால்ஃப், அர்னுல்ஃப் எல்லாவற்றிலும் வகரம் உதிர்ந்துவிட்டது. வொல்ஃப்ரமில், வொல்ஃப்காங்கில் முன்னால் நிற்பதால் வகரம் பிழைத்தது. (மோட்சார்ட், கேத்தே இருவர் பெயரும் வொல்ஃப்காங். ‘காங்’ என்றால் நடை, பயணம்.)

டங்ஸ்டன் கதை வேறு. சாக்சனிக்கும் பொஹீமியாவுக்கும் இடையிலுள்ள மலைகளில் வெள்ளீயம் உருக்கியபோது இந்தத் தாது கலந்திருந்தால் வெள்ளீயம் குறைவாகவே தேறியது. ஓநாய் ஆட்டைத் தின்பது போல வெள்ளீயத்தைத் தின்கிறது என்றார்கள். 1546இல் ஜெர்மன் கனிமவியலாளர் அக்ரிகோலா இதை இலத்தீனில் ‘ஓநாயின் நுரை’ என்று எழுதினார். ஆகவே அங்கே உள்ள ‘ரம்’ அண்டங்காக்கை அன்று. தனிமத்தின் வேதிக்குறியீடு ஜெர்மன் பெயரிலிருந்து வந்தது. டங்ஸ்டன் என்பது ‘கனமான கல்’ என்ற சுவீடன் மொழிச்சொல். பதிவில் இரண்டையும் தனித்தனித் தலைச்சொல்லாக வைக்க வேண்டும்.

எழுத்துப்பெயர்ப்பு: ஜெர்மனில் இரண்டு உயிரும் குறில். ‘வொல்ஃப்ரம்’ என்றே எழுதுக. நெடிலாக்கினால் ராமன் தானாக உள்ளே வந்துவிடுவார்.

———

மடல் 6

‘கூறு’ எனக்கும் பிடிக்கிறது. ஆனால் பெயரோடு சேர்ந்தால் ‘கூற்று’ ஆகிறதே. கூற்று என்றால் சொல்வது, கூற்று என்றால் எமன். பிள்ளைக்கு வைக்கும் பெயரை விளக்கும் இடத்தில் கூற்று வருவது காதுக்கு இதமாக இல்லை. யாப்பிலிருந்து ‘சீர்’ எடுத்தால் என்ன? பெயர்ச்சீர், முதற்சீர், ஈற்றுச்சீர், இருசீர்ப் பெயர். சீர் பொருளால் ஆனது அன்று, ஒலியால் ஆன அலகு. சொல்லைப் பிளந்து வகையுளியாகவும் வரும். மோனையும் சீரில்தான் பார்க்கிறோம். கிரேக்கத் ‘தெமா’வும் நம் ‘தேமா’வும் காதுக்கு அண்ணன் தம்பி போல இருக்கின்றன. வொல்ஃப்-ரம், நேர்-நேர், தேமா என்றே அலகிடலாம்! ஒலி ஒற்றுமை மட்டும்தான், தெரியும். ஆனாலும் மனப்பாடம் ஆகும்.

———

மடல் 7

அலகிட்டது அழகு ஐயா, ஆனால் அந்த அலகீடே ‘சீரை’க் கைவிடச் சொல்கிறது. வொல்ஃப்ரம் முழுவதும் சேர்ந்துதான் தேமா என்ற ஒரு சீர். அதன் பாதி ஒவ்வொன்றும் ஓர் அசை. யாப்புத் தெரிந்தவர் ‘இருசீர்ப் பெயர்’ என்று படித்தால் இரண்டு சீர் கொண்ட குறளடியைத் தேடுவார், ஒரு சீரைத்தான் காண்பார். யாப்புத் தெரியாதவர் சீர்வரிசையை நினைப்பார். ‘ஈரசைப் பெயர்’ என்றும் மாற்ற முடியாது. ‘எதெல்’ குறிலிணை ஒற்றாகி ஒரே அசை, ‘ஹில்டெ’ இரண்டு அசை. கூறும் அசையும் எப்போதும் ஒத்துப்போகா.

கூற்று பற்றி: ‘சோற்றுப் பானை’, ‘ஆற்று மணல்’ போலத்தான் இதுவும். நெடிலை அடுத்த றுகரம் வேற்றுமையில் இரட்டிக்கிறது, அவ்வளவே. எண்ணுப்பெயர் முன்னால் நிற்கும்வரை எமன் நினைவு வராது. தனியாக வரும் இடங்களில் ‘கூறு’ என்றே நிற்கட்டும்.

ஒரு கலைச்சொல்லைத் தனியாக எடைபோடக் கூடாது. அதன் பிள்ளைகள் நடக்கிறார்களா என்று பார்க்க வேண்டும். பெயர்க்கூறு. முதற்கூறு. ஈற்றுக்கூறு. கிரம்ன், புரூனோ போன்றவை ஒருகூற்றுப் பெயர். பெற்றோர் கூறுகளை மாற்றிப் பூட்டுவது கூறுமாற்று. வுல்ஃப்ஸ்டன் அதற்கு எடுத்துக்காட்டு. எல்லாம் நடக்கின்றன. ‘தொகை’யில் ஒருகூற்றுப் பெயருக்கு என்ன சொல்வீர்கள்? தொகாப்பெயர் என்றால் வேறு பொருள் ஆகிவிடும்.

ஹைன்ரிக் ஹைன்ஸ் ஆவதும், ஃபிரீட்ரிக் ஃபிரிட்ஸ் ஆவதும், கொன்ராட் குன்ஸ் ஆவதும் இதன் பக்கத்துத் தலைப்பு. சுப்பிரமணியன் முன்பாதியில் சுப்பு, பின்பாதியில் மணி ஆவது போல, அடல்பெர்ட் பின்பாதியில் பெர்ட் ஆகும். இதற்குக் ‘குறுக்கப் பெயர்’ போதும். கோத்தியர் என்ற ஜெர்மானிய இனத்தாருக்கு விவிலியத்தை மொழிபெயர்த்த 4ஆம் நூற்றாண்டு ஆயர் வுல்ஃபிலாவின் பெயரை இங்கே சேர்க்கலாம். ‘-இலா’ சிறுமை விகுதி, ஓநாய்க்குட்டி.

பொருள் எழுதும் முறையையும் இப்போதே முடிவு செய்துவிடலாம். கூறுகளுக்கு நடுவில் கூட்டல் குறி மட்டும். ‘ஓநாய் போன்ற அண்டங்காக்கை’, ‘ஓநாய்களின் காவலன்’ என்று வாக்கியம் கட்டக் கூடாது. குழந்தைப் பெயர்ப் பட்டியல்களைக் கெடுப்பது இந்த வாக்கியம் கட்டும் ஆசைதான். ‘காக்கை’ என்று மொட்டையாகவும் எழுதக் கூடாது. படையலுக்குச் சோறு வைத்து அழைக்கும் பறவை நினைவுக்கு வரும். ‘அண்டங்காக்கை’ நெருங்கிய சொல், ஆனால் நம் ஊர் அண்டங்காக்கையைவிட அது பெரிய பறவை. இந்தியாவில் வடமேற்கு வறண்ட நிலத்திலும் இமயமலையிலும்தான் உண்டு. ஒரு குறிப்பு சேர்த்தால் சரி.

வரைவு:

வொல்ஃப்ரம்: ஆண்பால், ஜெர்மன், இருகூற்றுப் பெயர். முதற்கூறு வொல்ஃப், ஈற்றுகூறு -ரம் (ஹ்ரபன் > ஹ்ரம்ன் > ஹ்ரம் > ரம்). ஓநாய் + அண்டங்காக்கை. வேறு வடிவம்: வுல்ஃப்ரம், பிரெஞ்சில் வுல்ஃப்ரான். ஒப்பிடுக: குன்ட்ரம், பெர்ட்ரம், வொல்ஃப்காங். தனிமப் பெயரோடு தொடர்பில்லை.

———

மடல் 8

தொகையை விட்டுக்கொடுக்கிறேன், வுல்ஃப்ஸ்டன் பெற்றோர் என்னை ஒப்பவைத்துவிட்டார்கள். பழந்தொடக்கத்தைச் சொல்லும் இடத்தில் மட்டும் ‘தொகையாகத் தொடங்கிய இருகூற்றுப் பெயர்’ என்று ஒரு வரி வரட்டும்.

வரைவில் ‘ஈற்றுகூறு’ என்று விழுந்திருக்கிறது. ஒற்று மிகும்: ஈற்றுக்கூறு.

———

மடல் 9

திருத்தி, அந்த வரியையும் சேர்த்துப் பட்டியலில் ஏற்றிவிட்டேன். அடுத்த பதிவு ஃபிரெடெகுண்ட்.