பஸ்டர் கீட்டன் படத்தின் வேகத்தைச் சரிசெய்ய உதவி தேவை

நண்பர்களே, வணக்கம். வரும் ஞாயிறு எங்கள் மொட்டைமாடியில் பிள்ளைகளுக்கு மௌனப்பட நகைச்சுவை நடிகர் பஸ்டர் கீட்டனின் ‘ஒன் வீக்’ (1920) குறும்படத்தைப் போட்டுக் காட்டப் போகிறேன். புதுமணத் தம்பதிக்கு, எண் பார்த்துத் தாங்களே பொருத்திக் கட்டவேண்டிய ஒரு வீடு பெட்டி பெட்டியாக வந்திறங்கும். பொறாமைக்காரன் ஒருவன் பெட்டி எண்களை மாற்றி எழுதிவிட, வீடு கோணல்மாணலாக எழும்பும். கடைசியில் அது தண்டவாளத்தில் மாட்டிக்கொள்ளும். வருகிற ரயில் பக்கத்துத் தண்டவாளத்தில் போய்விடும். அப்பாடா என்று மூச்சு விடும்போது எதிர்த்திசையிலிருந்து இன்னொரு ரயில்! எத்தனை முறை பார்த்தாலும் எனக்குச் சிரிப்பு அடங்குவதில்லை.

சிக்கல் இதுதான். கையால் சுழற்றும் கேமராவில் நொடிக்குக் குறைவான ஃப்ரேம்களில் (தனித்தனிப் படங்களில்) எடுத்த காலத்துப் படம் என்பதால், இன்றைய வேகத்தில் ஓட்டும்போது என்னிடம் உள்ள பிரதி ரொம்ப வேகமாக ஓடுகிறது. கீட்டன் விழுவது தெரிகிறது. விழுவதற்கு முன் சலனமில்லாத முகத்தோடு நிற்கும் அந்த அரை நொடி காணாமல் போகிறது. அதில்தான் முழுச் சிரிப்பும் இருக்கிறது. நொடிக்கு எத்தனை ஃப்ரேம் வைத்தால் சரியாக வரும்? அதை மாற்ற எளிய மென்பொருள் எது?

அப்புறம், பக்கத்து வீட்டுத் தம்பி ஹார்மோனியம் வாசிப்பான். மௌனப் படத்துக்கு நேரடியாக வாசித்த அனுபவம் உள்ளவர்கள், எங்கே வாசிக்கலாம், எங்கே நிறுத்தலாம் என்று சொன்னால் பெரிய உதவியாக இருக்கும். சனிக்கிழமைக்குள் தெரிந்தால் ஒருமுறை ஓட்டிப் பார்த்துவிடுவோம்.