ஹர்குஃப் கல்லறை வாசல் படம் கிடைக்குமா?
வணக்கம் நண்பர்களே. எகிப்து மன்னன் துட்டன்காமனின் கல்லறையைத் திறந்தவர்களைச் சாபம் கொன்றது என்பார்கள். ஆனால் அந்தக் கல்லறையில் சாபக் கல்வெட்டே கிடையாது. 1923 ஏப்ரலில், அந்த அகழாய்வுக்குப் பணம் கொடுத்த கார்னர்வன் பிரபுவுக்கு எமனாக வந்தது, சவரம் செய்யும்போது கீறிய கொசுக்கடியில் ஏறிய கிருமி. நிஜமான எச்சரிக்கை எகிப்தின் அஸ்வானில், குப்பத் அல்-ஹவா என்ற கல்லறைக் குன்றில் இருக்கிறது. தூய்மையில்லாமல் நுழைபவனைப் பறவையைப் பிடிப்பதுபோலப் பிடிப்பேன் என்று எகிப்தின் ஆறாம் அரச வம்சக் கால அதிகாரி ஹர்குஃப் தன் கல்லறை வாசலில் மிரட்டுகிறார். அருமையான வரி!

அதைத் தமிழில் பெயர்க்க, வாசலுக்கு மேலுள்ள எழுத்துகளின் தெளிவான படம் வேண்டும். அந்தப் பக்கம் யாராவது போகிறீர்களா? முகப்பு கிழக்கு பார்த்தது. காலை வெயில் நேராக அடித்தால் நிழல் விழாது, அரித்துப்போன எழுத்துகள் கல்லோடு கல்லாகிவிடும். உச்சிவேளை நெருங்கும்போது, வெயில் மேலிருந்து சுவரை உரசும் நேரத்தில் எடுங்கள். ஃபிளாஷ் வேண்டாம். ஒவ்வொரு படத்தின் மூன்றில் ஒரு பங்கு அடுத்த படத்திலும் வந்தால், எல்லாவற்றையும் ஒரே படமாக இணைத்துவிடலாம்.