'கேஷுவல்': ஒரே சொல்லில் அடக்க வேண்டாம்

நண்பர்களே, வணக்கம்.

'கேஷுவல்' (casual) என்ற ஆங்கிலச் சொல்லுக்குத் தமிழில் 'முறைசாரா' என்று முடிவு செய்துவிடலாம் எனச் சிலர் எழுதியிருக்கிறீர்கள். எனக்கு இதில் உடன்பாடில்லை. 'இன்ஃபார்மல்' (informal) என்பதற்கு அது நல்ல சொல். முறைசாராக் கல்வி, முறைசாராத் தொழில் என்று வேரூன்றியும் விட்டது. ஆனால் முறை இல்லாமை வேறு, முன்னேற்பாடு இல்லாமை வேறு. கேஷுவல் இரண்டாவதைச் சேர்ந்தது. 'கேஷுவல்' உறவை 'முறைசாரா உறவு' என்று ஒருமுறை எழுதிப் பாருங்கள். முறைகேடான உறவு என்றுதான் படிப்பவர் எடுத்துக்கொள்வார்.

வேரைப் பார்த்தால் இது விளங்கும். லத்தீனில் 'காடெரெ' என்றால் விழுதல். அதிலிருந்து வந்த 'காசுஸ்' விழுந்ததையும் நேர்ந்ததையும் குறித்தது. அதன் வழிவந்த பெயரடை 14ஆம் நூற்றாண்டின் பிற்பகுதியில் ஆங்கிலத்தில் ஏறியபோது, தற்செயலானது என்பதே பொருள். எதிர்பாராமல் நேர்வது, எப்போதாவது நேர்வதாயிற்று. பிறகு திட்டமிடாமல் செய்வது, பொருட்படுத்தாமல் செய்வது என்று நகர்ந்தது. உடைக்கு அடைமொழியானது வெகுகாலம் கழித்துத்தான். ஆக்சிடென்ட், சான்ஸ், அகேஷன் (occasion) மூன்றும் இதே வேரில் கிளைத்தவை. சான்ஸ் என்பதில் பகடை விழுவதன் சாயலே இருக்கிறது. நாமும் 'தாயம் விழுந்தது', 'பரிசு விழுந்தது' என்றுதானே சொல்கிறோம்? பங்கு கணக்கிடும்போது 'விழுக்காடு' என்கிறோம். எங்கோ பிறந்த இரண்டு மொழிகள் நிகழ்வை விழுதலாகவே கண்டிருப்பது எனக்குப் பெரும் மகிழ்ச்சி தருகிறது.

ஆகவே 'கேஷுவல் லீவ்' என்பதற்கு 'தற்செயல் விடுப்பு' பிழையான மொழிபெயர்ப்பு என்பவர்களோடு நான் சேரமாட்டேன். விடுப்பு தற்செயலானது அன்று. அதைக் கேட்க வைக்கும் தேவை தற்செயலாக வந்து விழுகிறது. சொல்லின் பழைய பொருளை இவ்வளவு துல்லியமாகப் பிடித்த ஆட்சிச்சொல்லை மாற்றவே கூடாது.

'கேஷுவல்' தொழிலாளர் விஷயத்தில் 'தற்செயல்' பொருந்தாது. 'தற்காலிகத் தொழிலாளர்' என்பதும் சரியில்லை. தற்காலிகம் என்றால் ஒரு காலவரை உண்டு, இவர்களுக்கோ வேலை வரும்போது மட்டும் அழைப்பு. இலங்கைத் தமிழில் 'அமைய ஊழியர்' என்கிறார்கள். அமையம் என்றால் சமயம், வாய்ப்பு. மேலே சொன்ன 'அகேஷன்' என்பதற்கு நேரான தமிழ்! நாம் அனைவரும் இதை எடுத்துக்கொள்ளலாம்.

'கேஷுவல்' உடைதான் கடினம். 'சாதாரண உடை' என்றால் விலை குறைந்தது என்றோ, சீருடை அணியாத போலீசாரின் உடை என்றோ பொருள்படுகிறது. 'நெகிழுடை' என்றால் நெகிழியால் ஆனதோ என்ற ஐயம் எழும். நானே முதலில் 'இயல்புடை' என்று எழுதிவைத்தேன். 'இயல்புடைய' என்பதன் துண்டுபோல நின்றதால் அடித்துவிட்டேன். உடையை ஆடையாக்கினால் சிக்கல் தீர்கிறது: இயல்பாடை. எதிர்ச்சொல்லும் தானாகக் கிடைக்கிறது: முறையாடை. 'கூட்டத்துக்கு முறையாடை வேண்டாம், இயல்பாடையே போதும்' என்று வாய்விட்டுச் சொல்லிப் பாருங்கள், இடறவில்லை.

பேச்சுக்கும் செயலுக்கும் புதுச்சொல் எதுவும் வேண்டாம். 'சும்மாதான் கேட்டேன்', 'சும்மா பார்த்துவிட்டுப் போக வந்தேன்' என்பவற்றில் இருக்கும் சும்மாவை விடப் பொருத்தமானது எது? உள்நோக்கம் இல்லை, திட்டமில்லை, அவசரமும் இல்லை என்ற மூன்றையும் அந்த ஒரு சொல் தாங்குகிறது. பேச்சுவழக்கு என்று சொல்லி இதைக் கலைச்சொல் பட்டியலிலிருந்து தள்ளுவது நம் கையில் இருப்பதை வீசிவிட்டுத் தேடுவதாகும். கட்டுரை நடைக்கு 'இயல்பாக', 'போகிற போக்கில்' இருக்கின்றன. குறை சொல்லும் தொனியில் வந்தால் 'அசட்டையாக' என்றே எழுதிவிடலாம்.

எஞ்சியிருப்பது 'கேஷுவல் கேம்'. பொழுதுபோக்கு விளையாட்டு என்பது பொருந்தாது. எல்லா விளையாட்டும் பொழுதுபோக்கத்தானே. கிடைத்த சில நிமிடங்களில் ஆடிவிட்டு வைத்துவிடுவது என்பதால் 'இடைநேர ஆட்டம்' என்று நினைக்கிறேன். இதைவிடச் சிறந்தது தோன்றினால் எழுதுங்கள். இந்த ஒன்றில் மட்டும் எனக்கு இன்னும் மனம் நிறையவில்லை.